கத்தூனைக் கட்டி வைத்திருந்த கொழுந்தன்

கத்தூன் பாக்தாத்தில் பிறந்தவள் அல்ல, ஹில்லாக்காரி. அவளைப் பெற்றவளும் ஃபர்ஹாவின் சித்தப்பா மகளும் ஒரே வீட்டுக்கு வாழ்க்கைப்பட்ட ஓரகத்திகள். அந்த வழியில் பேச்சு வந்து, பத்தொன்பது வயதில் அவளை ரயிலேற்றிக் கொண்டுவந்து ஃபர்ஹாவின் மகன் ஷுமைலுக்குக் கட்டிவைத்தார்கள். மாமனார் யாகூப் அதற்கு முந்தின வருஷமே போய்ச் சேர்ந்துவிட்டார். "பிக்கல் பிடுங்கல் இல்லாத வீடு, நாத்தனார் கிடையாது, கொழுந்தன் கிடையாது" என்று சொல்லித்தான் ஹில்லாவில் பெண் கேட்டார்கள்.

கொழுந்தன் ஒருவன் இருந்து செத்துப்போனான் என்பது வந்த பிறகுதான் தெரிந்தது. ஷுமைல் ஒரே ஒரு தடவை காதோடு சொன்ன பெயர், ஹஸ்கேல். ஷுமைலுக்கு இளையவன். இருபத்திரண்டு வயதில் போனானாம். என்ன நோய் என்று யாரும் சொல்லவில்லை, அவளும் கேட்கவில்லை. பெற்றவள் வயிற்றைக் கிளறக் கூடாது அல்லவா. வருஷத்துக்கு ஒரு நாள், மழை தொடங்கும் மாதத்தில், ஃபர்ஹா அவனுக்காக விளக்கேற்றுவாள். கண்ணாடிக் குவளையில் தண்ணீர் ஊற்றி, மேலே எண்ணெய் விட்டு, திரியை மிதக்க விட்டுக் கொடுப்பது கத்தூனின் வேலை. நல்ல பிள்ளையாக இருந்திருக்கும் பாவம் என்று முகம் தெரியாத அந்தக் கொழுந்தனுக்காக அவளும் இரண்டொரு தடவை கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள்.

ஷுமைல் துணிக்கடையில் சிப்பம் மடிக்கிறவன். சாது. எட்டு வருஷம் வாழ்ந்தார்கள், பிள்ளை தங்கவில்லை. நாற்பத்தேழாம் வருஷத்து விஷக்காய்ச்சலில் பதினோரு நாள் கிடந்து அவனும் போனான். ஹில்லாவிலிருந்து அண்ணன் வந்து கூப்பிட்டான். கத்தூன் போகவில்லை. "இந்தக் கெழவிய யாருகிட்ட விட்டுட்டு வர?" என்றாள். ஃபர்ஹா உள்ளேயிருந்து, "கெழவின்னு நீ சொல்லு, உங்கண்ணன் சொன்னா பல்லு இருக்காது" என்றாள். இருவரும் அப்படித்தான் பேசிக்கொள்வார்கள். ஒருத்தியை விட்டு ஒருத்தி சாப்பிட்டது கிடையாது.

பிழைப்புக்குக் கத்தூன் நூல் பிடித்தாள். நூலின் ஒரு முனையைப் பல்லில் கடித்துக்கொண்டு மறு பாதியைக் கை விரல்களில் முறுக்கி, பெண்களின் முகத்து மயிரை வழித்தெடுக்கும் வேலை. கல்யாணம் கூடிய வீட்டில் முதலில் நுழைகிறவள் அவள். யூதர் வீடு, முஸ்லிம் வீடு, கிறிஸ்தவர் வீடு எல்லாம் ஒன்றுதான். எல்லாப் பெண்ணும் அவளுக்கு முன்னால் முகத்தைக் காட்டி, கண்ணை மூடி, வலிக்கும்போது அவள் முழங்காலைப் பிடித்துக்கொள்ளத்தான் செய்தாள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் கார்க் வரைக்கும் அவளைக் கூப்பிட்டார்கள்.

பிறகு ஐம்பது வந்தது. யூதருக்கென்று புதிதாக உண்டான நாட்டுக்குப் போக விரும்புகிற யூதர் போகலாம், குடியுரிமையை எழுதிக் கொடுத்துவிட்டுப் போகலாம், போனால் திரும்ப வர முடியாது என்று சட்டம் வந்தது. தெருவில் ஒரு வீடு பெயர் கொடுத்தது, பிறகு ஐந்து வீடு, பிறகு எல்லா வீடும். ஃபர்ஹா ஆறு மாதம் மாட்டேன் என்றாள். கடைசியில், மார்க்கப்படி கோழி அறுக்கிற ஆளே பெயர் கொடுத்துவிட்டான் என்று கேட்ட அன்றைக்குத்தான் எழுந்தாள். "கோழி அறுக்கவும் ஆள் இல்லாத ஊருல என்னத்த சமைக்க, என்னத்த தின்ன?" என்று சொல்லிக் கத்தூனோடு போய்க் கைநாட்டு வைத்தாள். அன்றோடு இருவரும் எந்த நாட்டுக்கும் சொந்தம் இல்லாதவர்கள் ஆனார்கள். அதன் பிறகு விமானத்துக்காகக் காத்திருக்க வேண்டியதுதான். சாயங்காலம் ஜெபக்கூட வாசலில் மறுநாள் போகிறவர்களின் பட்டியலைப் படிப்பார்கள். பெயர் வந்தவர்கள் விடியற்காலையில் மூட்டையோடு போய்விட வேண்டும்.

ஐம்பத்தொன்றாம் வருஷத்து வசந்தத்தில்தான் முராத் பெண் கேட்டான். சந்தை முக்கில் தள்ளுவண்டியில் அவித்த முட்டையும் அம்பா ஊறுகாயும் ரொட்டியில் வைத்து விற்கிறவன். பெண்டாட்டி செத்து மூன்று வருஷம், பிள்ளை குட்டி இல்லை. இந்தியாவிலிருந்து பீப்பாயில் வரும் மாங்காய் ஊறுகாயின் மஞ்சள், அவன் விரலை விட்டு, வண்டி எடுக்காத சனிக்கிழமையும் போகாது. அவன் நேராக ஃபர்ஹாவிடமே வந்தான்.

"அத்தே, கத்தூனை எனக்குக் குடுங்க. அங்க போய்க் கூடாரத்துல தனிப் பொம்பளைங்க ரெண்டு பேரு என்ன செய்வீங்க?"

"உன் வண்டிய என்ன பண்ணப் போற?"

"அதை விமானத்துல ஏத்த மாட்டாங்களாம்."

"அப்ப வெறுங்கையோட வர மாப்பிள்ளைக்கு என் மருமகளைக் குடுக்கணும்."

"ஊறுகா போடத் தெரியும் அத்தே. மாங்கா எங்கயும் இருக்கும்."

ஃபர்ஹா சிரித்துவிட்டாள். கத்தூன் முற்றத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அவளுக்கு முப்பத்தொன்று. ஒரு பிள்ளைக்கு இன்னும் காலம் இருக்கிறது என்ற எண்ணம் நான்கு வருஷத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் அவளுக்குள் வந்தது. வந்தது போகவே இல்லை.

கல்யாணம் எழுதிக்கொள்வதற்காக மூன்று பேரும் ஹாகாம் ஸியோனிடம் போனார்கள். பெரியவர்களெல்லாம் போன பிறகு எங்கள் பகுதிக்கு ஹாகாமாக வந்தவர், நாற்பது வயதுக்குள் இருக்கும். மார்க்கத் தீர்ப்பு அவர்தான் சொல்ல வேண்டும். பெயர், தகப்பன் பெயர், புருஷன் இறந்த நாள் எல்லாம் கேட்டார். "பிள்ளை உண்டா?" என்றார். இல்லை. "புருஷனுக்குச் சகோதரன் உண்டா?"

"கிடையாது," என்றாள் ஃபர்ஹா.

"இருந்து இறந்துட்டாரு," என்றாள் கத்தூன்.

மூலையில் பாய்களைச் சுருட்டிக்கொண்டிருந்த இஷாக் மாமா கையை நிறுத்தினார். ஜெபக்கூடத்து ஊழியக்காரர் அவர். தெருவில் யார் பிறந்தார், யார் புதைந்தார் என்பதெல்லாம் அவர் தலைக்குள் இருந்தது. ஃபர்ஹாவின் அண்ணிக்குக் கூடப் பிறந்தவர் வேறு.

"ஃபர்ஹா, இதுல வாயை மூடிக்கிட்டிருந்தா நானும் பாவியாயிடுவேன். ஹஸ்கேலுக்கு நாம ஏழு நாள் தரையில உக்காந்தோம், சட்டையைக் கிழிச்சோம், சரி. குழி தோண்டினது யாரு? இந்த ஊருல எந்தக் குழியும் எனக்குத் தெரியாமத் தோண்டினதில்ல."

ஃபர்ஹா முக்காட்டை இழுத்து மூடிக்கொண்டு வெளியே நடந்துவிட்டாள்.

ஹஸ்கேல் சாகவில்லை. முஸ்லிம் பெண் ஒருத்தி மேல் மனம் வைத்து, அவள் மார்க்கத்துக்குப் போய், ஹாதி என்று பெயர் மாற்றிக்கொண்டு ஆற்றுக்கு அந்தப் பக்கம் குடியேறிவிட்டான். அப்படிப் போனவனைச் செத்தவனாக எண்ணித் துக்கம் காப்பது எங்கள் வழக்கம். யாகூப் உட்கார்ந்தார், ஃபர்ஹா உட்கார்ந்தாள், தெருவே வந்து அவித்த முட்டையும் பயறும் கொடுத்துவிட்டுப் போனது. எட்டாம் நாளிலிருந்து அந்தப் பெயரை யாரும் எடுக்கவில்லை. யாகூப்புக்காக எடுக்கவில்லை, அவர் போன பிறகு ஃபர்ஹாவுக்காக எடுக்கவில்லை. பிறகு தெரு மறந்தே போயிற்று. கத்தூனுக்குத்தான் எதுவும் தெரியாது.

ஹாகாம் தலையைப் பிடித்துக்கொண்டார். "அம்மா, பிள்ளையில்லாம புருஷன் போனா, அவன் தம்பி அவளைக் கட்டிக்கணும், இல்லன்னா சபை முன்னால விட்டுக்குடுக்கணும். நீ அவன் கால் செருப்பை அவுக்கணும், அவன் 'வேணாம்'னு வாயால சொல்லணும். அது நடக்காத வரைக்கும் நீ அவனுக்குக் கட்டுப்பட்டவ. வேற ஆளைக் கட்டினா அது கல்யாணமே இல்ல."

"அவரு வேற மார்க்கத்துக்குப் போயிட்டாரே?"

"போனாலும் தம்பி தம்பிதான்."

"கடுதாசி எழுதிக் குடுத்தா?"

"ஆள் வரணும். கால் வரணும். நீ விமானம் ஏறிட்டா அப்புறம் ஜென்மத்துக்கும் அந்தக் காலை நீ பாக்க முடியாது."

முராத் வெளியே வந்து சுவரோரம் நின்று, "நான் காத்திருப்பேன் கத்தூன்" என்றான். எத்தனை நாள் என்று அவளும் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை. பட்டியலில் யார் பெயர் என்றைக்கு வரும் என்று யாருக்குத் தெரியும்.

வீட்டில் ஃபர்ஹா அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தூன் எதிரே உட்கார்ந்தாள்.

"பன்னெண்டு வருஷம் என்னை எண்ணெ ஊத்த வெச்சீங்களே அத்தே."

"என் மகன் செத்துட்டான். அதுக்கு ஊத்தின."

"அவரு கார்க்ல தானிய மண்டியில எடை போட்டுக்கிட்டிருக்காராம். மூணு பிள்ளையாம். இஷாக் மாமா சொன்னாரு."

"எனக்குச் செத்தவன்டி அவன்."

"உங்களுக்குச் செத்தவரு எனக்கு உசுரோட இருந்து கட்டிப் போட்டிருக்காரே. நான் தெரியாம முராத்தைக் கட்டிப் பிள்ளை பெத்திருந்தா, அந்தப் பிள்ளைக்கு என்ன பேரு வெச்சிருப்பாங்க?"

ஃபர்ஹா தட்டைச் சாய்த்து, பொறுக்கின அரிசியையே மறுபடியும் பொறுக்கத் தொடங்கினாள். அன்றைக்கு இருவரும் தனித்தனியாகச் சாப்பிட்டார்கள்.

மறுநாள் கத்தூன் நூல்கண்டையும் வெள்ளைப் பொடியையும் எடுத்துக்கொண்டு பாலத்தைக் கடந்து, இஷாக் மாமா சொன்ன வீட்டைத் தேடிப் போனாள். நூல்காரி எந்த வீட்டுக் கதவைத் தட்டினாலும் யாரும் ஏன் என்று கேட்பதில்லை. ஹாதியின் மனைவி பெயர் பத்ரியா. முப்பத்தைந்து வயதுப் பெண், கை முழுக்க மாவோடு கதவைத் திறந்தாள்.

"நான் கூப்பிடலியே."

"கூப்பிடாமத்தான் வந்தேன். ஒரு புருவம் சும்மா எடுத்து விடுறேன். புடிச்சிருந்தா அடுத்ததுக்குக் கேளு."

"ஒத்தப் புருவத்தோட விட்டுட்டுப் போயிருவியோ?" பத்ரியா சிரித்துக்கொண்டே உள்ளே விட்டாள்.

தலையைச் சாய்த்துக் கண்ணை மூடினாள். பாதியில், நூலைப் பல்லிலிருந்து எடுத்துவிட்டு, கத்தூன் மெதுவாகச் சொன்னாள்: "நான் ஹில்லாக்காரி கத்தூன். ஷுமைலோட பெண்டாட்டி. செத்துப்போன ஷுமைல்."

பத்ரியா கண்ணைத் திறக்கவில்லை. "அவரு அண்ணன் செத்த சேதி சந்தையில கேட்டுட்டு வந்து, இந்த முத்தத்துல உக்காந்து அழுதாரு" என்றாள். "தூக்கிப் போடுறதுக்குக்கூடப் போக முடியல. என்ன வேணும் உனக்கு?"

கத்தூன் சொன்னாள். செருப்பைச் சொன்னாள், விமானத்தைச் சொன்னாள், முராத்தைச் சொன்னாள். எச்சில் துப்ப வேண்டும் என்பதையும் மறைக்காமல் சொன்னாள்.

"அவரு மேலயா?"

"மேல இல்ல. அவரு முன்னால, தரையில."

"தரைன்னா சரி. அதுல எல்லாரும்தான் துப்புறாங்க." பத்ரியா எழுந்து கதவின் தாழ்ப்பாளைப் பார்த்துவிட்டு வந்தாள். "எங்கண்ணன்மாருக்கு இது தெரிஞ்சா, திரும்பவும் யூதனாயிட்டான்னு வெட்டிப் போட்டுருவானுங்க. உனக்குப் புரியுதா? மூணு பிள்ளைங்க எனக்கு."

"புரியுது. அதான் நீ இருக்கும்போதே கேக்குறேன். உனக்குத் தெரியாமக் கேக்க மனசு வரல."

மத்தியானச் சாப்பாட்டுக்கு ஹாதி வந்தார். ஷுமைலின் நடை, ஷுமைலின் காது. கத்தூன் சொன்னதைக் கேட்டு முடிக்கும் வரைக்கும் நின்றுகொண்டே இருந்தார். பிறகு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"அம்மா இருக்காங்களா?"

"இருக்காங்க."

"என்னைப் பத்தி என்ன சொல்லுவாங்க?"

விளக்கைப் பற்றிச் சொல்ல கத்தூனுக்கு நாக்கு எழவில்லை. "பேச மாட்டாங்க" என்றாள். அவர் புரிந்துகொண்டவர் போலத் தலையாட்டினார்.

பத்ரியாதான் முடிவு சொன்னாள். "போயிட்டு வாங்க. கட்டிப்போட்ட ஆடு கத்துனாக்கூட நாம போய் அவுத்து விடுவோம். இவ பொம்பளை." பிறகு கத்தூன் பக்கம் திரும்பி, "அந்த இன்னொரு புருவத்தை முடிச்சுட்டுப் போ" என்றாள்.

ஹாகாமை ஒத்துக்கொள்ள வைப்பதுதான் அதைவிடக் கஷ்டமாக இருந்தது. முஸ்லிமான ஆளை இழுத்துவந்து யூதச் சடங்கு செய்தார்கள் என்று வெளியே போனால், இருக்கிற மிச்சம் மீதி வீடுகளும் எரியும். "உங்க பேரும் வந்துரும், நீங்களும் போயிடுவீங்க. நான் அப்புறம் யார்கிட்ட கேப்பேன்?" என்று கத்தூன் மூன்று நாள் அவர் வாசலில் உட்கார்ந்தாள். கடைசியில் வியாழக்கிழமை முற்பகல் என்று குறித்தார். ஜெபக்கூடத்தில் வேண்டாம், அங்கே போலீஸ் நிற்கிறது. இஷாக் மாமா வீட்டு நிலவறையில். தம்மோடு இரண்டு பேரைத் தீர்ப்புக்கும் இரண்டு பேரைச் சாட்சிக்கும் வைத்துக்கொண்டார். வருகிறவன் யாகூப்பின் மகன் ஹஸ்கேல்தான், ஷுமைலின் தம்பிதான் என்று அடையாளம் சொல்ல இஷாக் மாமா இருந்தார். அவனைத் தெரிந்த மற்ற பெரியவர்களெல்லாம் ஏற்கெனவே விமானம் ஏறியாயிற்று.

புதன்கிழமை சாயங்காலப் பட்டியலில் இஷாக் மாமாவின் பெயர் வந்தது.

அவர் ஓடிவந்து கத்தூனின் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் என்ன பண்ணட்டும் மவளே, போகலன்னா ஜெயில்ல போடுவான்" என்றார். வீட்டுச் சாவியை அவள் கையில் வைத்தார். விடியற்காலையில் மூட்டையோடு போய்விட்டார்.

வியாழக்கிழமை சடங்கு வழக்கப்படி கத்தூன் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. நிலவறையில் ஐந்து பேரும் உட்கார்ந்திருந்தார்கள். ஹாதி பின் சந்து வழியாக, தானியத் தூசி படிந்த அங்கியோடு வந்து சேர்ந்தார். ஹாகாம் எழுந்து நின்று, "இவர் யார்னு எனக்கு யாரு சொல்லுவா?" என்றார்.

ஹாகாம் எங்கள் பகுதிக்குப் புதியவர். மற்ற நான்கு பேரும் வயதில் சின்னவர்கள். ஹஸ்கேல் போனபோது விளையாடித் திரிந்தவர்கள்.

"நானே சொல்றேனே, நான்தான் ஹஸ்கேல்" என்றார் ஹாதி.

"நீங்க சொல்றது போதாது. தெரிஞ்சவங்க யாராவது சொல்லணும். பொம்பளை சொன்னாக்கூடப் போதும்."

எல்லோரும் கத்தூனைப் பார்த்தார்கள். அவளுக்குத் தெரிந்தது ஒரே ஒரு மத்தியானம் பார்த்த முகம். அவள் முக்காட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு படியேறி ஓடினாள்.

ஃபர்ஹா பெட்டிக்குள் துணி வைத்துக்கொண்டிருந்தாள். கத்தூன் மூச்சு வாங்கச் சொல்லி முடித்தாள். ஃபர்ஹா துணியை வைப்பதை நிறுத்தவில்லை.

"பதினஞ்சு வருஷமா அந்தப் பேரை நாக்குல வைக்கல. வைக்க மாட்டேன்னு உன் மாமனாருக்குச் சத்தியம் பண்ணியிருக்கேன்."

"நீங்க எங்கிட்ட சொன்ன பொய்யைப் பத்தி நான் ஒண்ணும் கேக்கல அத்தே. இனியும் கேக்க மாட்டேன். இது ஒண்ணுதான் கேக்குறேன். ஒரு வார்த்தை."

"உனக்கு அது ஒரு வார்த்தை."

கத்தூனுக்கு அப்போது புரியவில்லை. "அங்க மனுஷன் உசுரைக் கையில புடிச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு. நேரமாக ஆக ஆபத்து" என்றாள். அழவில்லை, அழுதிருந்தால் ஃபர்ஹா வந்திருக்கமாட்டாள். ஃபர்ஹா பெட்டி மூடியைச் சாத்திவிட்டு எழுந்தாள்.

நிலவறையில் அவள் மகனின் முகத்தைப் பார்க்கவில்லை. சடங்குக்காக அவர் வலது காலைக் கழுவி, நீள வார் வைத்த தோல் செருப்பை மாட்டத் தயாராக வைத்திருந்தார்கள். அவள் அந்தக் காலைத்தான் பார்த்தாள். சுண்டு விரல் உள்ளே மடங்கியிருந்தது. மூன்று வயதில் கதவிடுக்கில் நசுங்கிய விரல். ஏழு இரவு மடியில் வைத்துக்கொண்டு எண்ணெய் தடவிய விரல்.

"இது யாரு அம்மா?" என்றார் ஹாகாம்.

"என் வயித்துல பொறந்தவன். யாகூப்புக்குப் பொறந்தவன். ஷுமைலுக்குத் தம்பி."

"பேரு?"

ஃபர்ஹா சுவரில் கை வைத்துக்கொண்டாள். "ஹஸ்கேல்" என்றாள். சொல்லி முடித்ததும் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

பிறகு எல்லாம் சீக்கிரம் நடந்தது. அவர் செருப்போடு நான்கு எட்டு நடந்தார். சுவரில் சாய்ந்து நின்று, "இவளை எடுத்துக்கொள்ள எனக்கு விருப்பமில்லை" என்று எபிரேயத்தில் சொன்னார். பதினைந்து வருஷம் ஆகியும் உச்சரிப்பு தப்பவில்லை. கத்தூன் குனிந்து, இடது கையால் அவர் குதிகாலைத் தாங்கி, வலது கையால் வார்களை அவிழ்த்து, செருப்பைக் கழற்றித் தூர வீசினாள். துப்ப வேண்டும். வெறும் வயிறு, நாக்கில் ஈரம் இல்லை. ஷுமைலின் முகத்தைப் போலிருந்த முகம் எதிரே. "துப்பும்மா, எல்லாருக்கும் தெரியுற மாதிரி" என்றார் ஹாகாம். "பரவாயில்ல, துப்புங்க அண்ணி" என்றார் ஹாதி. அண்ணி என்று அவளை அதுவரைக்கும் யாரும் கூப்பிட்டதில்லை. துப்பினாள். "தன் சகோதரன் வீட்டைக் கட்டாத மனிதனுக்கு இப்படியே செய்யப்படும்" என்ற வசனத்தைச் சொன்னாள். ஐந்து பேரும் மூன்று தடவை, "செருப்பு கழற்றப்பட்டவன்" என்றார்கள். அவ்வளவுதான். கத்தூன் யாருக்கும் கட்டுப்பட்டவள் அல்ல.

ஹாதி தம் செருப்பை மாட்டிக்கொண்டு, ஃபர்ஹா உட்கார்ந்திருந்த இடத்துக்கு வந்து குத்துக்காலிட்டு அமர்ந்தார். தொட்டால் என்ன நினைப்பாளோ என்று அவள் முக்காட்டின் ஓரத்தை மட்டும் பிடித்தார்.

ஃபர்ஹா நிமிர்ந்து முகத்தைப் பார்த்தாள். "சாப்பிட்டியா?" என்றாள்.

"சாப்பிட்டேம்மா."

"என்ன சாப்பிட்ட?"

"ரொட்டியும் எருமைப் பாலாடையும்."

"பேரீச்சம் பாகு ஊத்திக்கிட்டியா?"

"ஊத்திக்கிட்டேன்."

மேலே சந்தில் யாரோ நடக்கிற சத்தம் கேட்டது. ஹாகாம் அவசரப்படுத்தினார். ஹாதி எழுந்து, படியேறி, போய்விட்டார். அந்த நான்கு வார்த்தைக்கு மேல் தாயும் மகனும் பேசவில்லை.

மறு வாரம் ஹாகாம் முராத்துக்கும் கத்தூனுக்கும் எழுதி முடித்தார். கோழிக்குள் அரிசி அடைத்து வேகவைக்கும் தபீத் சமைக்கக் கோழி கிடைக்காமல், வெறும் சோறும் முட்டையும்தான் கல்யாணச் சாப்பாடு. அடுத்த மாதம் அவர்கள் பெயர் வந்தது. விமானம் எழும்பியபோது எல்லோரும் ஆற்றைப் பார்த்தார்கள். ஃபர்ஹா ஆற்றுக்கு அந்தப் பக்கத்தைப் பார்த்தாள்.

கூடார முகாமில் முதல் மழைக்காலம் வந்தது. விளக்கேற்றும் நாளும் வந்தது. கத்தூன் குவளையை எடுக்கவில்லை, ஃபர்ஹா கேட்கவும் இல்லை. ஆனால் அன்றிலிருந்து வேறொன்று தொடங்கியது. "இப்ப என்ன பண்ணிக்கிட்டிருப்பான்?" என்று கேட்பாள். காலையில் கேட்பாள், ரொட்டி வாங்க வரிசையில் நிற்கும்போது கேட்பாள். "மண்டியில இருப்பாரு அத்தே." "இந்த மழையிலயா?" புதிதாக யார் வந்து இறங்கினாலும் சேற்றில் நடந்துபோய், கார்க் தானிய மண்டியில் ஹாதி என்று ஒருவனைப் பார்த்தீர்களா என்று விசாரிப்பாள். பிள்ளைகளின் பெயரைக் கத்தூனிடம் கேட்டுக் கேட்டு மனப்பாடம் பண்ணினாள்.

கடிதம் எழுதச் சொன்னாள். முராத்தான் தலையில் அடித்துக்கொண்டு சொன்னான்: "அத்தே, இங்கிருந்து ஒரு காயிதம் அங்க போனா, உளவாளின்னு அவரைத் தூக்குல போட்டுருவான். நாம சும்மா இருக்கிறதுதான் அவருக்கு நல்லது."

"ஆமா," என்றாள் ஃபர்ஹா. மறுநாள் மறுபடியும் கேட்டாள்.

இரண்டாம் வருஷம் கத்தூனுக்குப் பெண் குழந்தை பிறந்தது. கொட்டாயில் தொட்டில் கட்டி, முராத் ஊருக்கெல்லாம் எலுமிச்சை ஊறுகாய் கொடுத்தான், மாங்காய் கிடைக்கவில்லை. ஃபர்ஹா குழந்தையை மடியில் போட்டு, சுண்டு விரலைத் தடவிக்கொண்டே இருந்தாள். கத்தூன் பக்கத்தில் படுத்திருந்தாள்.

"நல்லா மூடி வெச்சிருந்தேன் கத்தூன்," என்றாள் ஃபர்ஹா. கோபமாகச் சொல்லவில்லை. "ஏழு நாள் அழுதேன், முடிஞ்சுது. செத்தவனுக்குப் பசிக்காது, குளிராது. அன்னைக்கு நீ வந்து ஒரு வார்த்தைன்னு சொன்ன."

கத்தூன் எழுந்து உட்கார்ந்தாள். குழந்தை ஃபர்ஹாவின் மடியில் இருந்தது. அந்த வார்த்தை இல்லாமல் அந்தக் குழந்தை இல்லை. "மன்னிச்சிருங்க அத்தே" என்றாள்.

"எதுக்குடி? நீ கேட்டது ஞாயம். நான் சொன்னதும் உண்மை." குழந்தையை அவளிடம் நீட்டினாள். "பால் குடு, பசிக்குது இதுக்கு."

மூன்றாம் குளிர்காலத்தில் நெஞ்சுச் சளி வந்து ஃபர்ஹா போனாள். கடைசி இரண்டு நாளும் ஷுமைலைக் கேட்கவில்லை, யாகூப்பைக் கேட்கவில்லை. அவன் சாப்பிட்டானா என்று மட்டும் கேட்டாள். ஒவ்வொரு தடவையும் கத்தூன், "சாப்பிட்டாரு" என்றாள்.

அடக்கம் செய்கிற சங்கத்து ஆள் வேறு ஊரிலிருந்து வந்தவர், இவர்கள் கதை தெரியாதவர். மண் தள்ளியதும், "பிரார்த்தனை சொல்ல மகன் யாரு?" என்று கேட்டார்.

"ரெண்டு பசங்க. மூத்தவரு பாக்தாத்ல மண்ணுக்குள்ள இருக்காரு," என்றாள் கத்தூன்.

"சின்னவரு?"

"சின்னவரு இருக்காரு."

"இருந்தா கூப்பிடும்மா, மழை வருது. மகன் இருக்கும்போது வேற ஆள் சொல்லக் கூடாது."

கத்தூன் முராத்தைப் பார்த்தாள். முராத் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, "நான் சொல்றேன்" என்று முன்னால் வந்தான். புத்தகத்தைப் பார்த்துத் தப்பும் தவறுமாகப் படித்தான். கத்தூன் பெண்களுக்குப் பின்னால் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றாள். கார்க்கில் அந்நேரம் மண்டி திறந்திருக்கும். அவர் தராசுப் பக்கம் நின்றிருப்பார். அவரைப் பொறுத்தவரைக்கும் அம்மா இன்னும் இருந்தாள்.